மீனியல் அறிஞர் பிரான்சிஸ் டே

பொதிய மலையிலே பிறந்து, பாறைகளினூடே பாய்ந்து, பாபநாசத்தில் சமவெளி கண்டு, நெல்லைச் சீமையை வளஞ்செய்து, இறுதியிற் கடலொடு கலக்கும் ஆறு தாமிரபரணி. பொருநை என்பது அதன் பழம்பெயர். பாபநாசம் கோயிற் படித்துறையில் நின்று ஒரு பிடி பொரியை நீரில் இட்டால், பெருமீன்கள் கூட்டங்கூட்டமாக மேலெழுந்து வந்து வாய் திறக்கும். அங்கே அவற்றைப் பிடிப்பார் இலர். இறைவன் திருமுன் வாழும் உயிர்கள் என்று கருதி, அடியார்கள் அவற்றைப் பேணி வருகின்றனர். ஆயின், அதே மீன் படித்துறையை விட்டுச் சற்றே விலகிச் சென்றால், வலைக்கும் தூண்டிலுக்கும் அஞ்சியே வாழ வேண்டும்.

படித்துறையளவில் நிற்கும் அந்த அருளை, நாட்டின் ஆறுகள் அனைத்திற்கும் சட்டத்தின் வாயிலாகப் பெற்றுத்தர முயன்றார் ஓர் அறிஞர். அவர் மருத்துவராக இந்தியாவுக்கு வந்தவர். மீனியல் மேதையாகத் திரும்பிச் சென்றவர். அவரே பிரான்சிஸ் டே.

இளமையும் கல்வியும்

இங்கிலாந்து நாட்டின் தென்பகுதியில் சசெக்ஸ் என்னும் வட்டாரம் உள்ளது. அங்கே மேர்ஸ்பீல்டு என்னும் சிற்றூரில், 1829ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்கள் 2ஆம் நாள் டே பிறந்தார். ஷ்ரூஸ்பரி நகரத்துப் பள்ளியில் அவர் கல்வி பயின்றார். உயிர்களின் தோற்றத்தையும் மாற்றத்தையும் ஆராய்ந்து உலகப் புகழ் பெற்ற சார்லஸ் டார்வின் பயின்ற பள்ளியும் அதுவே. பின்னர் லண்டன் மாநகரில் செயிண்ட் ஜார்ஜ் மருத்துவமனையில் மருத்துவக் கல்வி கற்றுத் தேர்ந்தார்.

அக்காலத்தில் இந்தியாவின் ஆட்சி கிழக்கிந்தியக் கம்பெனியாரிடம் இருந்தது. 1852ஆம் ஆண்டில் டே அவர்தம் சென்னைப் படையில் துணை மருத்துவராகச் சேர்ந்தார். அப்பொழுது அவருக்கு வயது 23. பருமாவில் போர் நிகழ்ந்துகொண்டிருந்த காலம் அது. போர்க்களத்துப் பணியோடு தொடங்கிய அவருடைய வாழ்க்கை, பின்னர் மைசூர், ஐதராபாத்து முதலிய இடங்களில் தொடர்ந்தது. சென்ற இடமெல்லாம் நோயாளரைக் கவனித்தார். ஓய்வு கிடைத்த பொழுதெல்லாம் அங்குள்ள உயிரினங்களையும் கவனித்தார்.

கொச்சியில்

டேயின் வாழ்வில் திருப்பம் நேர்ந்தது கொச்சியில் ஆகும். காயலும் கடலும் ஆறும் கைகோத்து நிற்கும் அந்நாட்டில், மீன் உணவாகவும் தொழிலாகவும் செல்வமாகவும் விளங்குவதை அவர் கண்டார். விடியற்காலையில் கரைக்கு வரும் வலைகளில் எத்தனை வகை மீன்கள்! செம்படவர் ஒவ்வொன்றையும் தனித்தனிப் பெயரிட்டு அழைத்தனர். அப்பெயர்களை டே குறித்துக்கொண்டார், மீன்களை வாங்கினார், செதிள்களையும் துடுப்பு முட்களையும் எண்ணினார், நிறம் மங்குமுன் அதனையும் எழுதி வைத்தார்.

கொச்சி நாட்டின் வரலாற்றைக் கூறும் அவருடைய நூல் 1863இல் வெளிவந்தது. மலையாள நாட்டு மீன்களைப் பற்றிய நூல் 1865இல் வெளிவந்தது. அதே ஆண்டில், மேற்குத் தொடர்ச்சி மலையின் ஓடைகளில் வாழும் ஓர் அழகிய சிறுமீனை அவர் அறிவியல் உலகிற்கு அறிமுகம் செய்தார். செந்நிறக் கோடு தீட்டிய அம்மீனுக்கு, சென்னை மாகாணத்து ஆளுநராய் இருந்த டெனிசன் என்பவரின் பெயரைச் சூட்டினார். இற்றைநாளில் உலகெங்கும் கண்ணாடித் தொட்டிகளில் அழகுக்காக அது வளர்க்கப்படுகிறது. அந்த அழகே அதற்குப் பகையாயிற்று. வணிகத்திற்காக அளவின்றிப் பிடிக்கப்பட்டமையால், அதன் சொந்த ஓடைகளில் அது அருகிவிட்டது.

நீலகிரியும் டிரௌட்டும்

நீலகிரியின் உச்சியில் ஓடும் ஓடைகள் பளிங்கு போல் தெளிந்தவை; குளிர்ந்தவை. ஆனால் அவற்றில் சிறுமீன்களே இருந்தன. உணவுக்குப் பயன்படும் பெருமீன்கள் இல்லை. அவ்வோடைகளில் ஐரோப்பாவின் டிரௌட் மீனை வாழவைத்தால் மலைவாழ் மக்களுக்கு உணவு கிடைக்கும் என்று டே எண்ணினார்.

டிரௌட் குளிர்நீர் மீன். உடலெங்கும் புள்ளிகள் பொருந்திய அது, உயிர்வளி மிகுந்த ஓடும் நீரையே விரும்பும். நீர் வெதுவெதுப்பானால் அதில் கரைந்துள்ள உயிர்வளி குறையும். டிரௌட் மூச்சுத் திணறி மாளும். பனிக்காலம் நெருங்கும்பொழுது அது நீரோட்டத்தை எதிர்த்து மேலேறும். பெண்மீன் கூழாங்கற்கள் நிறைந்த இடத்தைத் தேர்ந்து, வாலால் அடித்துப் பள்ளம் பறிக்கும். முட்டையிட்டு மீண்டும் கற்களால் மூடும். கற்களின் இடுக்கில் ஓடும் தூயநீரே முட்டைக்கு உயிர்மூச்சு. சேறு படிந்து இடுக்குகள் அடைபட்டால் முட்டைகள் அழியும். குளிர்நீரில் பல வாரங்கள் கழிந்த பின்னரே குஞ்சுகள் வெளிவரும். வெளிவந்த குஞ்சு, வயிற்றில் தொங்கும் கருவுணவுப் பையைக் கொண்டே முதல் நாட்களைக் கழிக்கும்.

டிரௌட்டுக்கு உறவான மற்றொரு மீன் சார் என்பது. அது இன்னும் மிகுந்த குளிரை வேண்டுவது. பனியூழியின் இறுதியில் பனிப்பாறைகள் உருகிப் பின்வாங்கியபொழுது, வடநாட்டு ஆழ்ந்த ஏரிகளிலே தங்கிவிட்ட மீன் அது. நன்னீர் மீன்களுள் வடதுருவத்திற்கு மிக அருகில் வாழ்வதும் அதுவே.

இத்தகைய மீனின் முட்டைகளை இங்கிலாந்திலிருந்து இந்தியாவுக்குக் கொணர்வது எளிய செயலா? சூயஸ் கால்வாய் 1869இல்தான் திறக்கப்பட்டது. அதற்கு முன்னர்க் கடல்வழி நீண்டது, வெப்பம் மிக்கது. கரை சேர்ந்த பின்னரும் சமவெளியின் வெயிலைக் கடந்து மலையேற வேண்டும். 1863ஆம் ஆண்டில் டே இம்முயற்சியைத் தொடங்கினார். அது வெற்றி பெறவில்லை. சில ஆண்டுகளுக்குப் பின் மீண்டும் முயன்றார். அப்பொழுதும் நீலகிரியில் டிரௌட் நிலைகொள்ளவில்லை. அதே பத்தாண்டில், பாசியும் பனிக்கட்டியும் வைத்துப் பொதிந்த டிரௌட் முட்டைகள் 1864இல் கப்பலேறித் தாஸ்மேனியாத் தீவை உயிரோடு அடைந்து குஞ்சு பொரித்தன. அங்கே கைகூடிய செயல் இங்கே கைகூடவில்லை.

டே தோல்வியால் துவண்டாரல்லர். மீனைப் பெயர்த்துக் கொணர்தல் கூடும். அதன் நீரைப் பெயர்த்துக் கொணர்தல் கூடுமோ? மீனின் வாழ்வு நீரின் தன்மையிலே அடங்கியிருக்கிறது என்னும் உண்மையை அத்தோல்வி நன்கு எடுத்துக்காட்டியது. நீலகிரியில் அலைந்த நாட்களும் வீண்போகவில்லை. அம்மலையிலும் அதன் அடிவாரத்து ஆறுகளிலும் வாழும் மீன்களைப் பற்றி அவர் 1867இல் ஆராய்ச்சிக் கட்டுரை வெளியிட்டார்.

அணையும் மீனும்

காவிரிக்கும் கோதாவரிக்கும் அணை வகுத்துப் புகழ் பெற்றவர் சர் ஆர்தர் காட்டன். கழனிகளுக்கு நீர் பாய்ச்சிய அப்பெரியார் உள்ளத்தில் ஓர் ஐயம் எழுந்தது. ஆற்றின் குறுக்கே எழுப்பிய அணைகள் மீன்களின் போக்குவரவைத் தடுத்து, ஏழைகளின் உணவைக் குறைக்கின்றனவோ என்று அவர் கவலையுற்றார். அணை கட்டியவரே அவ்வையத்தை எழுப்பியது அவர்தம் நேர்மைக்குச் சான்றாகும். அதனை ஆராயும் பணி 1860களின் இறுதியில் டேயிடம் ஒப்படைக்கப்பட்டது.

உல்லம் என்னும் மீன் கடலில் வாழ்வது. ஆற்றில் வெள்ளம் வருங்காலத்தில் முட்டையிடுவதற்காக அது நன்னீரை நாடி மேலேறும். மலையாறுகளில் வாழும் மகசீர் என்னும் பெருங்கெண்டையும் வெள்ளத்தில் மேலேறிச் சென்று, கல் நிறைந்த ஓடைகளில் முட்டையிடும். டிரௌட்டுக்கும் உல்லத்திற்கும் மகசீருக்கும் நாடு வேறு, இனம் வேறு. ஆயினும், இனம் பெருக வேண்டுமாயின் ஆற்றில் மேலேற வழி வேண்டும் என்னும் நியதி மூன்றற்கும் ஒன்றே.

டே அணைதோறும் சென்று பார்த்தார். மேலேறும் மீன்கள் உயர்ந்த சுவரைக் கடக்கவியலாமல் அதன் அடியிலே திரண்டு நின்றன. அங்கே காத்திருந்தவர்கள் அவற்றை எளிதில் வாரிக்கொண்டனர். முட்டை சுமந்த தாய்மீன் பிடிபட்டால் ஒரு தலைமுறையே அழிகிறது. அணையைத் தப்பிய மீன்களின் குஞ்சுகளோ, வயல் மடைகளில் வைத்த பறிகளிலும், கண் குறுகிய வலைகளிலும் சிக்கின. சிலர் நஞ்சுக் காய்களை அரைத்து மடுக்களில் கலந்தனர். நஞ்சு பெரிது சிறிது என்று பார்ப்பதில்லை. மடுவில் உள்ள உயிரனைத்தையும் மாய்த்துவிடும்.

அணைகளை இடித்துவிட வேண்டும் என்று டே கூறவில்லை. உழவனுக்கு நீர் வேண்டும் என்பதை அவர் நன்கு அறிவார். ஆனால் அணையில் மீன் கடந்து செல்லும் வாயில் ஒன்று அமைப்பது அரிதன்று என்றார். வலையின் கண்கள் குஞ்சு தப்பும் அளவுக்கு அகன்றிருக்க வேண்டும். நஞ்சிட்டுப் பிடித்தல் தடுக்கப்பட வேண்டும். இனப்பெருக்கக் காலத்தில் மீன்களுக்குக் காப்பு வேண்டும் என்றும் வற்புறுத்தினார். இன்றைய பசிக்கு நாளைய உணவை அழிக்கலாகாது என்பதே அவர்தம் அறிவுரைகளின் சாரம்.

டே இவ்வாறு ஆராய்ந்துகொண்டிருந்த அக்காலத்திலேதான் தாமிரபரணியின் மீது திருவைகுண்டம் அணை எழுந்தது. பண்டைய அரசர் காலத்தில் அமைந்த ஏழு அணைகள் அவ்வாற்றில் முன்னரே இருந்தன. கோடைமேலழகியான், நதியுண்ணி, கன்னடியன், அரியநாயகிபுரம், பழவூர், சுத்தமல்லி, மருதூர் என்பன அவை. எட்டாவதாகத் திருவைகுண்டம் அணை கடலை நோக்கிய கடைவாயிலாக அமைந்தது. அதனால் கழனிகள் செழித்தன, குளங்கள் நிறைந்தன. நெல்லுக்குக் கிடைத்த நன்மை கண்கூடானது. மீனுக்கு நேர்ந்த இடரோ நீருக்குள்ளே நிகழ்வது. அதனைக் கண்டு சொல்ல டே போன்றோர் வேண்டியிருந்தது.

நாடெங்கும் உலா

1871ஆம் ஆண்டில் டே இந்திய மீன்வளத் தலைமைக் கண்காணிப்பாளரானார். ஒரிசா, வங்காளம், பருமா, அந்தமான் தீவுகள், சிந்து, பஞ்சாபு எனப் பல பகுதிகளின் மீன்களை அவர் ஆராய்ந்தார். தாம் செல்லவியலாத இடங்களைப் பற்றி ஆங்காங்குள்ள அலுவலர்களுக்கு வினாக்கள் விடுத்து விடைகளைத் தொகுத்தார். 1873இல் நன்னீர் மீன்வளம் பற்றியும் கடல் மீன்வளம் பற்றியும் அவர் எழுதிய அறிக்கைகள் வெளிவந்தன.

இப்பணிகளுக்கிடையே அவர் இல்லத்தைத் துயர் சூழ்ந்தது. முதல் மனைவியார் மறைந்தார். பின்னர் மணந்த இரண்டாம் மனைவியாரும் ஓராண்டு அளவிலேயே 1873இல் மறைந்தார். அவருடைய உடல்நலமும் குன்றியது. இடுக்கண் பல வந்தும் எடுத்த பணியை அவர் விடவில்லை.

1875 முதல் 1878 வரை இந்திய மீன்கள் பற்றிய அவருடைய பெருநூல் பகுதி பகுதியாக வெளிவந்தது. ஏறத்தாழ 200 படத்தகடுகள் கொண்ட அந்நூல், இன்றும் மீனியல் பயில்வோர் கையாளும் மூலநூலாகத் திகழ்கிறது. 1889இல் வெளிவந்த மற்றொரு நூலின் இரு தொகுதிகளில் 1,400க்கும் மேற்பட்ட மீன் வகைகளை அவர் விளக்கினார்.

தாயகத்தில் ஆராய்ச்சி

பணியிலிருந்து ஓய்வு பெற்று இங்கிலாந்து திரும்பிய டே, செல்டன்காம் நகரில் தங்கினார். இளமையில் தம்மை அலைக்கழித்த டிரௌட் மீனை அவர் மறக்கவில்லை. ஸ்காட்லாந்தில் சர் ஜேம்ஸ் மெயிட்லண்டு என்பவர் ஹவீடவுன் என்னுமிடத்தில் பெரிய மீன் பண்ணை நடத்திவந்தார். அங்கே டிரௌட், சார், சால்மன் மீன்களைக் கலப்புச் செய்து வளர்த்து, அவற்றின் தன்மைகளை டே ஆராய்ந்தார்.

பிரிட்டனின் டிரௌட் மீன்களைப் பல தனி இனங்களாக அறிஞர்கள் பிரித்திருந்தனர். கடலுக்குச் செல்வது ஓர் இனம், ஓடையில் வாழ்வது ஓர் இனம், ஏரியில் வாழ்வது ஓர் இனம் என்று கருதினர். ஏரி மீனை ஓடை நீரில் வளர்த்தால் அது நாளடைவில் ஓடை மீனின் தோற்றத்தையே பெறுவதை டே எடுத்துக்காட்டினார். ஆகவே இவை யாவும் ஒரே இனமென்றும், நீரும் உணவும் அவற்றின் நிறத்தையும் வடிவையும் மாற்றுகின்றன என்றும் முடிவு கூறினார். 1887இல் வெளிவந்த அவருடைய நூல் இக்கருத்தை விரித்துரைத்தது. டிரௌட்டைப் பற்றிய அம்முடிவைப் பிற்கால அறிவியலும் பெரிதும் ஏற்றுக்கொண்டது.

லண்டன் காட்சிசாலையில் விலங்கியல் தலைவராக விளங்கிய குந்தர் என்னும் அறிஞருக்கும் டேக்கும் கருத்து வேற்றுமை நிலவியது. இருவரும் பேரறிஞர்கள், எனினும் ஒருவர் பிழையை ஒருவர் பொறுக்கும் பண்பு இருவரிடத்தும் குறைந்திருந்தது. டேயின் எழுத்தில் சில வேளை கடுமை மிகுந்தது. 1883இல் லண்டனில் அனைத்துநாட்டு மீன்வளக் கண்காட்சி நடைபெற்றபொழுது, இந்தியப் பகுதியை அவரே பொறுப்பேற்று நடத்தினார். அவ்வாண்டில் அவருடைய மீன் திரட்டின் பெரும்பகுதியை ஆஸ்திரேலியாவின் சிட்னி நகரக் காட்சிசாலை விலைக்குப் பெற்றது. இவ்வாறு காவிரியிலும் கங்கையிலும் பிடித்த மீன்கள் கடல் கடந்து தென்கோடியில் இடம் பெற்றன. எஞ்சியவற்றுள் பல பின்னர் லண்டன் காட்சிசாலைக்கே போய்ச் சேர்ந்தன.

1889ஆம் ஆண்டு சூலைத் திங்கள் 10ஆம் நாள் டே செல்டன்காமில் இயற்கை எய்தினார். அப்பொழுது அவருக்கு வயது 60.

அவருக்குப் பின்

டே விதைத்த விதை அவர் மறைந்த பின்னரே முளைத்தது. 1897இல் இந்திய மீன்வளச் சட்டம் நிறைவேறியது. வெடிவைத்தும் நஞ்சிட்டும் மீன் பிடிப்பதை அது குற்றமாக்கியது. 1907இல் சென்னை மாகாணத்தில் மீன்வளத் துறை தோன்றியது. நீலகிரியில் டிரௌட் வாழவேண்டும் என்ற கனவும் நனவாயிற்று. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வில்சன் என்பவரின் முயற்சியால் அவலாஞ்சியில் பொரிப்பகம் அமைந்தது. அமெரிக்காவைத் தாயகமாகக் கொண்ட வானவில் டிரௌட் அம்மலை ஓடைகளில் நிலைபெற்றது.

ஆயினும், அயல்மீனைக் குடியேற்றுதல் எப்பொழுதும் நன்மையே தரும் என்ற பழைய நம்பிக்கை இன்று மாறிவிட்டது. புதிதாய் வந்த மீன் உள்நாட்டுச் சிறுமீன்களை உண்டு அழிப்பதைப் பல நாடுகள் கண்டன. உலகில் பெருந்தீங்கு விளைத்த குடியேறிய உயிர்கள் 100 எனத் தொகுத்த பட்டியலில் டிரௌட் இரு வகையும் இடம் பெற்றுள்ளன. டிரௌட்டைக் குடியேற்ற விழைந்த டேயின் எண்ணம் நல்லது. அதன் மறுபுறத்தை அக்காலம் அறிந்திருக்கவில்லை. அணைகளைப் பற்றிய அவருடைய எச்சரிக்கையோ நாளுக்கு நாள் உறுதி பெற்றது. 1934இல் மேட்டூர் அணை நிறைவெய்திய பின், காவிரியில் உல்லம் மீனின் வரவு அற்றுப்போயிற்று. ஸ்காட்லாந்தில் லெவன் ஏரியின் நீர்மட்டத்தை 1830களில் தாழ்த்தியதன் பின் அங்கிருந்த சார் மீன் மறைந்தது. நீரைத் திருத்துவோர் மீனை மறந்தால் விளைவது எங்கும் ஒன்றே.

தாமிரபரணியில் வாழும் சிறுகெண்டை ஒன்றிற்கு, 1950களில் சிலாஸ் என்னும் இந்திய மீனியலறிஞர் அவ்வாற்றின் பெயரையே சூட்டினார். பொருநையின் பெயர் தாங்கிய அம்மீன் இன்று அழியும் நிலையிலுள்ள உயிர்களுள் ஒன்றாக எண்ணப்படுகிறது. அது வாழ வேண்டுமாயின் தூய நீர் வேண்டும். மேலும் கீழும் சென்றுவர வழி வேண்டும். குஞ்சுகள் வளரக் காலம் வேண்டும்.

பாபநாசத்துப் படித்துறையில் பொரியிடும் கை, அருள் நிறைந்த கை. அந்த அருளோடு அறிவும் சேர வேண்டும். படித்துறையோடு நில்லாமல் மலைமுதல் கடல்வரை செல்ல வேண்டும். அதற்கு வழி காட்டியவர்களுள் முன்வரிசையில் நிற்பவர் பிரான்சிஸ் டே. வாய் பேசாத உயிர்களுக்காக வாதாடிய அவ்வறிஞரின் பெயர், இந்நாட்டின் ஆறுகளில் மீன் துள்ளும் காலமெல்லாம் நிலைத்து நிற்பதாகும்.